'அனுமதி' என்ற ஒரு சொல்

குடவாசலில் ஜெராக்ஸ் எடுக்கப் போயிருந்தேன். இயந்திரத்திலிருந்து சூடாக வந்த தாளின் வாசனை மூக்கில் ஏறியதும் உங்கள் நினைவு வந்துவிட்டது, பாய். சமரச மையத்தில் நம் இருவர் முன்னும் வைக்கப்பட்ட தாள்களில் அதே வாசனைதான் இருந்தது.

நீங்கள் பள்ளிவாசல் ஜமாத்தின் செயலாளர். நான் கோயில் கமிட்டியின் செயலாளர். பள்ளிவாசல் தெரு வழியாக அம்மன் சப்பரம் போகலாமா, மேளம் அடிக்கலாமா என்பதுதான் வழக்கு. இரண்டு வருடம் திருவிழாவே நடக்கவில்லை. தீர்ப்புக்கு முன் ஒருமுறை உட்கார்ந்து பேசிப் பாருங்கள் என்று நீதிபதி நம்மை அங்கே அனுப்பினார். எனக்கு அதில் துளியும் நம்பிக்கை இல்லை. நாங்கள் ஜெயிக்கிற வழக்கை இழுத்தடிக்க நீங்கள் செய்த ஏற்பாடு என்றே நினைத்தேன்.

சமரசம் பேச வந்த வக்கீல் அம்மா, "இங்க பேசுறது எதுவும் கோர்ட்டுக்குப் போகாதுங்க. மனசு விட்டுப் பேசுங்க" என்றார். அவர் நம்மைத் தனித்தனியே அழைத்துப் பேசியபோது, உங்களோடு எவ்வளவு நேரம் பேசுகிறார் என்று கடிகாரத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

மூன்றாவது அமர்வில் நீங்கள் சொன்னீர்கள்: "சாமி வரட்டும் தம்பி. தொழுகை நேரத்துல மட்டும் மேளம் வேணாம். நாங்க கேக்குறது அவ்வளவுதான்."

இவ்வளவு லேசாகவா? உள்ளே ஏதோ இருக்கிறது என்று பட்டது. நம் இருவருக்கும் கொடுத்த ஒப்பந்த வரைவை வீட்டுக்குக் கொண்டுபோய் வரி வரியாகப் படித்தேன். சிக்கியது. 'சப்பரம் செல்ல அனுமதிக்கப்படுகிறது.' அனுமதிப்பது யார்? தெரு உங்களுடையதா?

அடுத்த அமர்வில் தாளை மேசைமேல் போட்டேன். "இதுக்குத்தான் இவ்ளோ பதவிசா பேசினீங்களா பாய்?"

நீங்கள் கண்ணாடியை மாட்டிக்கொண்டு நிதானமாகப் படித்தீர்கள். "இந்த வார்த்தை தப்புதான் தம்பி. எடுத்துடச் சொல்லுங்க."

வக்கீல் அம்மா தயங்கியபடி என்னைப் பார்த்தார். "இந்தப் பத்தி உங்க தரப்பு வக்கீல் எழுதிக் கொடுத்ததுங்க."

என் முகம் எப்படிப் போனதோ, நீங்கள் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டீர்கள்.

கையெழுத்தானது. சப்பரம் புறப்பட்ட அன்று, உங்கள் ஆட்கள் ஏதாவது செய்வார்கள் என்று செல்போனில் வீடியோ எடுத்தபடியே நடந்தேன். சாயங்காலத் தொழுகை நேரம். பள்ளிவாசல் முன்னால் வேண்டுமென்றே மேளத்தை ஓங்கி அடிக்கவைத்தவர்கள் எங்கள் ஆட்கள். உள்ளேயிருந்து கோபமாக வந்தவர்களை நீங்கள் கை நீட்டித் தடுத்தீர்கள். "நிறுத்தச் சொல்லுங்க தம்பி. நீங்க சொன்னா கேப்பாங்க." சொன்னேன். நின்றது. அதைக் காட்டி ஒப்பந்தத்தையே நீங்கள் முறித்திருக்கலாம். ஏன் முறிக்கவில்லை, இதில் என்ன கணக்கு என்று மாதக்கணக்கில் குடைந்துகொண்டிருந்தேன்.

பிறகு நீங்கள் பொறுப்பிலிருந்து விலகினீர்கள். உடம்புக்கு முடியவில்லை என்றார்கள். நீங்கள் இறந்த அன்று துக்கம் கேட்க வந்தபோதுதான் உங்கள் மகள் சொன்னாள்: "அத்தாவை எங்க ஆளுங்களே நம்பல மாமா. கோயில்காரங்ககிட்ட விலைபோயிட்டாருன்னு பேசுனாங்க. பொறுப்பையும் பறிச்சுட்டாங்க. யார்கிட்டயும் சொல்லாதன்னுட்டாரு."

போன வாரம் உங்கள் இடத்துக்கு வந்திருக்கும் புதுச் செயலாளர் என் வீட்டுக்கு வந்தார். இந்த வருடத் திருவிழாவில் மேளம் நிறுத்தும் நேரங்களை எழுதிக் கொடுத்தேன். இரண்டு முறை படித்தார். என்னை ஏற இறங்கப் பார்த்தார். "எதுக்கும் எங்க வக்கீல்கிட்ட காட்டிட்டு வரேங்க."

சுருக்கென்றது. அவர்மேல் எனக்கும் சந்தேகம்தான், பொய் சொல்ல மாட்டேன். ஆனாலும், "காட்டிட்டே வாங்க தம்பி, அவசரமில்ல" என்றேன். அவர் போன பிறகும் மனசு ஆறவில்லை. ஒரே ஒரு ஆள், ஒரே ஒரு பார்வை. அதற்கே எனக்கு இப்படி இருந்தது. நீங்கள் இரண்டு பக்கத்துப் பார்வையையும் தாங்கிக்கொண்டு நின்றிருக்கிறீர்கள், பாய். அதில் ஒரு பக்கம் நான்.