பின்னட்டையில் உங்கள் முகம்

சார்,

இன்று காலை மேஜை டிராயரை இழுத்ததும் கறிவேப்பிலை வாசம் வந்தது. தாள்களுக்கிடையே காய்ந்து சருகானதற்கு வாசம் ஏது என்று கேட்பீர்கள். எனக்கு வந்தது. உங்கள் கடைசி நாவலின் ஏழு அத்தியாயங்கள் அங்கேதான் கிடக்கின்றன. அவற்றுக்கு அடியில் நான் தேடிய பிளாக் இருந்தது, தகட்டில் பதிந்த உங்கள் முகம். வெளியே பெஞ்சில் உங்கள் மனைவி உட்கார்ந்திருந்தார். உங்கள் கருமாதிப் பத்திரிகை அடிக்க வந்திருந்தார்.

மாதம் ஒருமுறை அல்லிநகரத்தில் என் அச்சகத்துக்கு மஞ்சள் பையோடு வருவீர்கள். மேலே முருங்கைக்காயும் கறிவேப்பிலையும், அடியில் உளவு நாவல். அனுமந்தன்பட்டி டீக்கடையில் உங்களை ஏலக்காய்த் தரகர் என்று நம்பியிருந்தார்கள். நீங்கள் ஊர்ப் பேச்சைக் கேட்டு மேலிடத்துக்கு எழுதும் சீருடை போடாத போலீஸ் என்பதும், அந்தப் புனைபெயருக்குள் இருப்பது நீங்கள்தான் என்பதும் அச்சகத்தில் எனக்கு மட்டும் தெரியும். உங்கள் லண்டன் ஒற்றர்கள் அனுமந்தன்பட்டி டீக்கடைச் சம்சாரிகளைப் போலவே வம்பளப்பார்கள். எழுத்துக் கோக்கும்போதே எனக்குச் சிரிப்பு வந்துவிடும்.

புரூஃப் பார்த்தபடியே ஒரு வெள்ளைக்கார எழுத்தாளரின் கதையைச் சொல்வீர்கள். அவரும் ஒற்று வேலை பார்த்தவர், வேலையில் இருந்தவரை வேறு பெயரில் எழுதியவர், பிறகு புத்தகங்களாலேயே உலகம் அறிந்தவர் ஆனாராம். “முகம் தெரிஞ்ச அன்னைக்கு அவருக்கு அந்த வேலை போச்சு தாயி” என்றீர்கள். நான் அதில் பாதியைத்தான் காதில் வாங்கினேன், உலகமே கொண்டாடியது என்ற பாதியை.

தேனி தனி மாவட்டமாகி ஒன்றிரண்டு வருஷம் இருக்கும். உங்கள் இருபதாவது நாவல். என் கல்யாண ஆல்பத்தில், பந்தி ஓரமாக நீங்கள் நின்ற படத்தை வெட்டி மதுரைக்கு அனுப்பி பிளாக் செய்தேன். வெட்டிய படம் திரும்பி வரவில்லை. பின்னட்டையில் உங்கள் முகம், சொந்தப் பெயர், கீழே ‘காவல் துறையில் இருந்துகொண்டே எழுதும் நம் மண்ணின் மைந்தர்’. உங்களை சந்தோஷப்படுத்த நினைத்து, உங்களிடம் ஒரு வார்த்தை கேட்காமல் செய்தேன். புத்தகத்தைப் பார்த்தீர்கள். முகம் மேஜையில் படும்படி கவிழ்த்து வைத்தீர்கள். எல்லாம் கடைகளுக்குப் போய்விட்டதா என்று மட்டும் கேட்டீர்கள். போய்விட்டிருந்தது.

அடுத்த வாரம் டீக்கடைக்காரர் கிளாசை வைக்காமலே கேட்டாராம், “கதைக்கு மட்டுந்தான் எங்க பேச்சைக் கேட்டீகளா, இல்ல மேலயும் எழுதிப் போட்டீகளா?” அதற்குள் பெஞ்ச் காலியாகிவிட்டது. உங்களை ஸ்டேஷனில் எழுத்து வேலைக்கு மாற்றினார்கள். அடுத்த நாவலில் எழுதிப் பாதியில் நின்ற ஏழு அத்தியாயங்களை என்னிடம் கொடுத்துவிட்டுச் சொன்னீர்கள்.

“காதுல பேச்சு விழுந்தாத்தான் தாயி எனக்குக் கை ஓடும். இப்ப நான் போனா எல்லாரும் வாயை மூடிக்கிறாக.”

நீங்கள் திட்டியிருக்கலாம். அதன் பிறகும் பையில் காய் கொண்டுவந்து கொடுத்துவிட்டுப் போனீர்கள். இத்தனை வருஷத்தில் ஒருமுறைகூட என்னைக் குறை சொல்லவில்லை. அதனாலேயே மன்னிப்புக் கேட்க எனக்கு வாய் வரவில்லை. ஊருக்கெல்லாம் பத்திரிகை அடித்துக் கொடுத்தவளுக்கு உங்களுக்கென்று இரண்டு சொல் கோக்கத் தெரியவில்லை.

உங்கள் மனைவி தயங்கித்தான் கேட்டார். “அவுக படம் எடுக்கவே விட மாட்டாக. வீட்டுல ஒண்ணுகூட இல்ல. உங்ககிட்ட அந்தப் புத்தகத்துப் படம் இருக்குமா?” அந்தப் படம் உங்களை என்ன செய்தது என்று அவருக்குத் தெரியாமலா இருக்கும்? பத்திரிகையில் எழுத்தாளர் என்று போடவா என்றேன். பேர் மட்டும் போதும் என்றார். ஏழு அத்தியாயங்களையும் நீட்டினேன். தொட்டுப் பார்த்துவிட்டு, என்னிடமே இருக்கட்டும் என்றார். அவையும் கேட்காமல் போன மன்னிப்பும் இனி என்னோடுதான்.

அவர் போனதும் பிளாக்கைத் துடைத்து மிஷினில் ஏற்றினேன். முதல் தாளில் முகம் மங்கலாக விழுந்தது. மை சரி செய்த பிறகு கண்கள் தெளிந்தன. இந்த முறையும் உங்களைக் கேட்காமல்தான் அச்சடித்தேன், சார்.