உப்புப் பால்

கார்த்திகை 3, புதன்
விடாத தூறல். பள்ளிக்கு லீவு. மீனாட்சிக்குக் காய்ச்சல் விட்டு நாலு நாள். எழுந்து உட்காரத் தெம்பில்லை. இப்போதைக்குப் பால்தான் ஆகாரம் என்று திருவரங்குளத்து வைத்தியர் கண்டிப்பு. அவளோ ஒரு வாய் உள்ளே போனதும் குமட்டுகிறாள். ரேஷன் சீட்டுக்குக் கிடைத்த சர்க்கரை, பனங்கற்கண்டு, சுக்கு, எல்லாம் போட்டாயிற்று. கல்யாணமாகி ஏழு வருஷத்தில் இவளை இவ்வளவு மெலிவாகப் பார்த்ததில்லை. பயமாக இருக்கிறது.

4, வியாழன்
காலையில் மெல்லக் கேட்டாள். "இனிப்பக் கண்டாலே பெரட்டுதுங்க. ஒரு கிள்ளு உப்பு போட்டுத் தாங்களேன்."
பால் திரிந்து தொலையும் என்றேன். திரியவில்லை. அரை டம்ளர் குடித்தாள். வயிற்றில் தங்கியது. மிச்சத்தை நான் குடித்துப் பார்த்தேன். மோசமில்லை. நாக்கு இன்னொரு வாய் கேட்டது.

5, வெள்ளி
மழை இல்லை. சந்தோஷத்தில் வாயை வைத்துக்கொண்டு சும்மா இராமல் பால்காரி ராக்கம்மாவிடம் சொல்லிவிட்டேன். முகம் கறுத்துப் போயிற்று. பாலில் உப்பு விழுந்தால் கறந்த மாட்டின் மடி வற்றுமாம். நாளை முதல் பால் கிடையாதாம். செம்பைத் தூக்கிக்கொண்டு போய்விட்டாள். பக்கத்தில் வேறு கறவை இல்லை. புத்தி கெட்டவன் நான்.

6, சனி
விடிந்ததும் ராக்கம்மா வீடு. கெஞ்சினேன். கல்நெஞ்சக்காரி இல்லை, இருப்பது ஒற்றை மாடு, அவள் பிழைப்பே அதுதான். கடைசியில் ஒரு வழி சொன்னாள்.
"மொதல்ல எம் மாட்டுக்கு ஒரு கை உப்பு வைங்க வாத்தியாரே. அது தின்ன பெறகு ஒங்க வீட்டுல போட்டுக்கங்க. அதுக்குத் தெரிஞ்சு நடந்தா குத்தமில்ல."
வீட்டுக்கு ஓடிக் கல்லுப்பு எடுத்து வந்தேன். மாடு உள்ளங்கையைத் துடைத்து நக்கியது. என்ன சொரசொரப்பான நாக்கு. பால் கிடைத்தது.

11, வியாழன்
தினம் இதுவே. மாட்டுக்கு உப்பு, பிறகு பால். மீ. முழு டம்ளர், நான் அரை. என் கையில் சாண வாசம் என்றார் ஹெட்மாஸ்டர். இருக்கட்டும். மீ. சுவரைப் பிடித்து வாசல் வரை நடந்தாள்.
குடை ரிப்பேர்.

16, செவ்வாய்
நல்ல வெயில். இருவருக்கும் உப்புப் பால் ஆற்றினேன். மீ. ஒரு வாய் குடித்ததும் டம்ளரைத் தள்ளி வைத்தாள். மறுபடியும் குமட்டலா?
"கருமம், இத எப்படிங்க இத்தன நாளாக் குடிச்சேன்? சர்க்கர இல்லையா?"
இனிப்புக் கேட்கிறாள்! கொல்லைப்பக்கம் போய் அழுதேன். வந்து அவளுக்குச் சர்க்கரை போட்டுக் கொடுத்துவிட்டு, இரண்டு டம்ளர் உப்புப் பாலையும் நானே குடித்தேன்.