இடது பக்கம் சாய்ந்த படம்

என் கேமராக்காரருக்கு,

போன வாரம் உங்கள் படம் பார்த்தேன். அரங்கில் மொத்தம் ஆறு பேர். அதில் ஒருவர் தூங்கினார். பக்கத்து இருக்கையில் என் கைப்பையை உட்கார வைத்தேன். உங்களைப் போலவே அதுவும் படம் முடியும்வரை ஒரு வார்த்தை பேசவில்லை.

இருபது வருடமாக நீங்கள் எடுப்பதெல்லாம் பெரிய கம்பெனி தொடாத சின்னப் படங்கள். கேமராவுக்குத் தண்டவாளம் போடக்கூட ஆள் கிடையாது, எல்லாம் உங்கள் தோளும் காலும்தான். இதிலும் கதாநாயகி படியிறங்க, கேமராவோடு பின்னாலேயே இறங்குகிறீர்கள். ஒவ்வொரு படிக்கும் படம் இடது பக்கம் சாய்ந்தது. முன்னால் ஒரு தாடிக்காரர் சிலிர்த்துப்போய், "அவ மனசு தடுமாறுறத எப்படிக் காட்டுறான் பாருடா!" என்றார்.

"மனசும் இல்ல, மண்ணாங்கட்டியும் இல்ல தம்பி, அது எங்க வீட்டுக்காரரோட முட்டி" என்று சொல்ல வாய்வரை வந்துவிட்டது.

போனில் கேட்டால், "முட்டி எப்பவோ சரியாப்போச்சு, அடுத்த படத்தோட ஷூட்டிங்தான் இழுக்குது" என்கிறீர்கள். எட்டு மாதமாக இழுக்கிறது. படம் பார்த்துவிட்டு அன்றைக்கு நம் மூன்றாம் மாடி வீட்டுக்கு ஏறும்போதுதான், ஏன் வராமல் இருக்கிறீர்கள் என்று எனக்கு உறைத்தது.

கீழ்த்தளத்தில் தையல்காரர் காலி செய்த அறைக்கு மாறிவிட்டேன். கட்டிலை இறக்கும்போது அதற்கும் ஒரு கால் போய்விட்டது. செங்கல் முட்டுக்கொடுத்திருக்கிறேன், நன்றாகத்தான் நிற்கிறது. கட்டிலில் உங்கள் பக்கத்தில் துணி மடித்துப் போடுவதை இன்றோடு நிறுத்திவிட்டேன்.

வாசலில் ஒரே ஒரு படி. என் தோளைப் பிடித்துக்கொண்டு ஏறுங்கள். யாரும் படம் எடுக்க மாட்டார்கள்.

இப்படிக்கு,
கீழ் வீட்டுக்காரி