பலாங்கொடைக்குப் போகும் வழக்கு

மார்ச் 17, திங்கள்

மழை இல்லை. ரப்பர் மரங்கள் இலையெல்லாம் கொட்டி, தோட்டம் முடிவெட்டிக்கொண்ட மாதிரி. நாளை கேகாலை கோர்ட். சட்டை தேய்க்க வேண்டும், கரண்ட் இருந்தால்.

மானேஜர் தொரையிடம் லீவு கேட்டேன். "கிளாக்கர், இந்தக் கேஸ் இந்த வருஷமாவது முடியுமா?" என்றார். அவருக்கு முந்திய தொரையும் இதையே கேட்டார். தொரைமார் மாறுகிறார்கள், கேள்வி நிரந்தரம்.

ஆபீஸ் ஜன்னலுக்கு வெளியே, ரப்பர் பால் கொண்டுவந்த இரண்டு பெண்கள்:

"கிளாக்கர் ஐயா கேஸ பலாங்கொடைக்கு மாத்தப் போறாங்களாம்."

"கேஸுக்குமா டிரான்ஸ்பர்? என்ன தப்பு பண்ணிச்சாம்?"

நியாயமான சந்தேகம். தோட்டத்தில் இடமாற்றம் என்றாலே தண்டனைதான்.

எல்லாவற்றையும் வரிசையாக எழுதி வைக்கச் சொன்னார் சட்டத்தரணி. வரிசை: விவாகரத்துக் கேட்டது நான், வரக்காப்பொலப் பக்கம் இருப்பவன் என்பதால் கேகாலையில். பிள்ளை தனக்கே என்று பதில் போட்டது விஜி, இன்றுவரை என் மனைவி. இருப்பது பலாங்கொடைக்கு மேலே, அவள் அப்பாவின் தோட்டத்தில். வழக்கையே அங்கே மாற்றச் சொல்லி கொழும்பில் அவள் மனு. பிள்ளையைப் பார்க்க அனுமதி கேட்டு இங்கே என் மனு. எந்தக் கோர்ட் என்று தீரும்வரை எந்தக் கோர்ட்டும் எதையும் தீர்க்காது.

கரண்ட் போய்விட்டது.

மார்ச் 18, செவ்வாய்

கசங்கிய சட்டையுடன் கோர்ட். வராந்தாவில் விஜி, மாமா, கவிஷா. பிள்ளைக்கு முகம் வெளுத்து, கவுனில் கழுவிய ஈரம். பஸ்ஸில் வந்த வாந்தியை மாமா ஊர் வாரியாகச் சொன்னார்: "எஹலியகொடையில ஒரு தடவ. ருவன்வெல்லயில ஒரு தடவ. இங்க எறங்குனதும் ஒரு தடவ."

மாமா: என் அம்மாவின் தம்பி, என் மாமனார், எனக்கு எதிரான முதல் சாட்சி. எல்லாம் ஒரே குடைக்குள்.

"மாப்பிள்ள, அந்தப் பேப்பர்ல உங்களப் பத்திக் கொஞ்சம் கடுமையா இருக்கும். லாயர் எழுதுனது. மனசுல வச்சுக்காதீங்க."

"பரவால்ல மாமா. எங்க பேப்பர்லயும் உங்கள வாங்கு வாங்குன்னு வாங்கியிருக்கு."

"அது சரி. சாப்டீங்களா?"

விஜி அந்தப் பக்கம் பார்த்துக்கொண்டிருந்தாள்.

கவிஷா என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். ஆறு வயது. இரண்டு மாதத்தில் கால் வளர்ந்திருக்கிறது.

"அப்பா, இவங்கல்லாம் ஏன் கறுப்புக் கோட்டு போட்டிருக்காங்க?"

"வெயிலுக்கு அதுதான் வசதி."

நம்பவில்லை. பிறகு மறுபடி குமட்டல். சொப்பிங் பேக்கை நான் பிடித்தேன், முழுவதும் பிடிபடவில்லை. பிறகு என் மடியிலேயே தூங்கிவிட்டாள்.

விடியுமுன் கிளம்பி இருட்டியபின் போய்ச் சேர்கிறார்கள். வீட்டில் பிள்ளையைப் பார்க்க ஆளில்லை. அதனால்தான் கூட்டி வருகிறார்கள், அதனால்தான் எனக்கு இந்த ஒரு மணி நேரம். தூரம்தான் இதுவரை எனக்குக் கிடைத்த ஒரே அனுமதி.

வழக்கைக் கூப்பிட்டார்கள். தள்ளி வைத்தார்கள். அடுத்த தவணை ஏப்ரல் 29.

மார்ச் 19, புதன்

சாயந்தரம் சட்டத்தரணியின் ஆபீஸ். நல்ல மனிதர், சிங்களவர், என்னை மல்லி என்பார். தம்பி என்று சொல்லிவிட்டால் வாதிட முடியாது. "பய வென்ன எப்பா மல்லி" என்றார். பயப்படாதே. மாற்றும் மனுவை எதிர்த்துவிடலாம். பலாங்கொடைக்குப் போனால் அவளுக்கு அடுத்த வீட்டுக்குப் போகிற மாதிரி. பிள்ளை பள்ளிக்கூடத்தில் இருக்கும்போதே தவணை முடிந்துவிடும். பிறகு யார் பிள்ளையைக் கோர்ட்டுக்குக் கூட்டி வரப்போகிறார்கள்?

இதை நான் பஸ்ஸிலேயே கணக்குப் போட்டுவிட்டேன்.

எதிர்ப்புக்கு ஒரு சத்தியக்கடதாசி தயார். வாசித்துக் காட்டினார். சிங்களத்தில் எதுவும் கொஞ்சம் கம்பீரமாகவே ஒலிக்கும்: மேற்படி பயணம் சௌகரியமானது, பிள்ளைக்கு அதனால் எவ்விதச் சிரமமும் இல்லை, என்று நான் சத்தியம் செய்கிறேன்.

நேற்றைய காற்சட்டை வீட்டில் வாளியில் ஊறிக்கொண்டிருந்தது.

பேனா இல்லை என்றேன். மேசையில் நாலைந்து பேனா. கண்ணாடியும் இல்லை, நாளை வருகிறேன் என்றேன். கண்ணாடி மூக்கில் இருந்தது. அவர் கடதாசியை மடித்து ஃபைலுக்குள் வைத்தார். நாகரிகமானவர்.

மார்ச் 22, சனி

நாளை என்று சொன்னவன் போகவில்லை. சீனி, சவர்க்காரம், பல்பு ஒன்று வாங்க வேண்டும். வாங்கவில்லை.

விஜிக்குப் போன் எடுத்தேன்.

"சொல்லுங்க அத்தான்."

பேப்பரில் நான் கொடுமைக்காரன். வாய்க்கு இன்னும் தகவல் போய்ச் சேரவில்லை.

"கேஸ மாத்திக்க. நான் எதிர்க்கல."

"லாயர் சொல்லிக் குடுத்தாரா?"

"அவர் வேணாம்னுதான் சொல்றாரு."

"அப்ப நெசமாத்தான் சொல்றீங்க."

"பாப்பாவ மாசத்துல ஒரு ஞாயித்துக்கெழமையாவது..."

"அத கோர்ட் சொல்லட்டும் அத்தான். நான் இப்ப ஒன்னு சொல்லி, நாளைக்கி எங்க லாயர் வேற சொன்னா, பொய்க்காரியாயிருவேன்."

"சரி."

"அவளுக்கு ரெண்டு நாளா காய்ச்சல். இப்ப பரவால்ல."

வைத்துவிட்டாள். கல்யாணம் ஆன நாளிலிருந்து இவ்வளவு சீக்கிரம் நாங்கள் எதிலும் ஒத்துப்போனதில்லை. இரண்டு பேரும் களைத்திருந்தோம், அதுதான் காரணம்.

ஏப்ரல் 29, செவ்வாய்

மத்தியானத்துக்கு மேல் இடி, மழை. கோர்ட்டு ஓட்டில் ஒழுக்கு எதுவும் இல்லை, குடைகள்தான் ஒழுகின.

மாற்றுவதற்குச் சம்மதம் என்று கையெழுத்துப் போட்டேன். "அனே மல்லி" என்றார் சட்டத்தரணி. ஐயோ தம்பி. இனி பலாங்கொடையில் வேறு ஆளைப் பார்க்க வேண்டும். மாமா என் கையைப் பிடித்துக்கொண்டு, "பெரிய மனசு மாப்பிள்ள" என்றார். அடுத்த தவணையில் என்னைப் பற்றி என்ன சொல்லப்போகிறார் என்பது எனக்குத் தெரியும், அவருக்கும் தெரியும்.

வராந்தா வாங்கில் உட்கார்ந்திருந்தாள் கவிஷா. இன்று முகம் அவ்வளவு மோசமில்லை.

"இனி இங்க வர வேணாமா அப்பா?"

"வேணாம். இனி அப்பாதான் பலாங்கொடைக்கு வருவேன்."

"எந்த நாள்ல?"

"கோர்ட்டு நாள்ல. இன்னைக்கி மாதிரி, செவ்வாக்கெழம."

காலை ஆட்டிக்கொண்டு யோசித்தாள்.

"அப்ப நான் ஸ்கூல்ல இருப்பேனே."

"ஆமா."

"லீவு போடவா?"

"வேணாம். நீ ஸ்கூலுக்குப் போ" என்றேன். மாமா பஸ் வந்துவிட்டதென்று குடையை ஆட்டினார்.