சோடா பாட்டிலில் திராட்சரசம்

வாடிப்பட்டியிலிருந்து எங்கள் வீட்டுக்கு வாழ வந்த என் ராக்கு மதினிக்கு,

பன்னீர்த் திராட்சை வந்துவிட்டது. நேற்று மார்க்கெட்டில் கூடை கூடையாக இறக்கிக்கொண்டிருந்தார்கள். ஒன்றை எடுத்து வாயில் போட்டு, தோலைத் துப்பாமல் மென்று பார்த்தேன், நீ பார்க்கிற மாதிரியே. கடைக்காரர் முறைத்தார். நீயாக இருந்தால் அவரிடமே இன்னொரு கொத்து கேட்டு வாங்கியிருப்பாய். நீ இல்லாமல் வருகிற முதல் கிறிஸ்துமஸ் இது. எனக்கு உன்னிடம் பேச வேண்டும் போலிருக்கிறது, வேறு யாரிடமும் இல்லை.

நமக்கு ஏறத்தாழ ஒரே வயது. அண்ணன் உன்னைக் கட்டிக்கொண்டு வந்த புதிதில் மரியாதையாக 'வாங்க மதினி' என்று கூப்பிட்டுப் பார்த்தேன். நீ வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாய். அதன் பிறகு வா மதினி, போ மதினிதான். கே.கே. நகர் வீட்டில் அப்பா, அண்ணன், நான், நீ, அவ்வளவு பேர்தான். அம்மா இறந்து சில வருடங்கள் ஆகியிருந்தன. அண்ணன் தானாக விரும்பிக் கட்டியதை அப்பா பொறுத்துக்கொண்டார். மருமகள் வேற மதம் என்பதைக்கூட எப்படியோ விழுங்கிக்கொண்டார். அவருக்குத் தொண்டையில் சிக்கியது உன் பேர்தான்.

ரயில்வே ஆபீசில் இருந்து ஓய்வு பெற்ற மனிதர். சர்ச்சில் நாலு பேர் எழுந்து நின்று வணக்கம் சொல்கிற இடம் அவருக்கு. மருமகள் பேரென்ன என்று கேட்டால் ராக்காயி என்று எப்படிச் சொல்வது என்று கூச்சம். ரூபி என்று மாற்றிக்கொள்ளச் சொன்னார். நீ தலையைக் குனிந்துகொண்டேதான் பதில் சொன்னாய்.

"வேற எது சொன்னாலும் கேட்டுக்கிறேன் மாமா. பேர மட்டும் விட்டுருங்க. அழகர்மலை ராக்காயி அம்மன்கிட்ட எங்க ஆத்தா வேண்டிக்கிட்டு வச்ச பேரு."

அப்பா அதற்குமேல் வற்புறுத்தவில்லை. ரூபி என்றும் கூப்பிடவில்லை, ராக்காயி என்றும் கூப்பிடவில்லை. நேரில் பார்த்தால் 'இந்தாம்மா' என்பார். உன்னைத் தேடினால் என்னிடம் வந்து அந்தப் பிள்ளை எங்கே என்று கேட்பார்.

எங்கள் வீட்டு ஜெபம் உனக்குத் தெரியும். இருந்தாலும் சொல்லிப் பார்க்கிறேன். சாப்பிட உட்காரும்போது அப்பா கண்ணை மூடிக்கொண்டு வீட்டில் உள்ள ஒவ்வொருவரையும் பேர் சொல்லி ஆண்டவரிடம் ஒப்படைப்பார். அண்ணன், நான், தூத்துக்குடியில் இருக்கும் சித்தப்பா, அவர் பிள்ளைகள். பண்டிகை நாளென்றால் நம் நாய் டைகருக்குக்கூட அதில் இடம் உண்டு. உன் முறை வரும்போது 'இந்த வீட்டில் உள்ள மற்றவர்களையும்' என்று சொல்லி ஆமென் போட்டுவிடுவார். நீயும் எங்களோடு சேர்ந்து ஆமென் சொல்வாய். எப்படிச் சொன்னாய் மதினி?

அந்தக் கார்த்திகையில் மாடியில் துணி காயப்போடும்போது நீயாகவே ஆரம்பித்தாய்.

"நாய்க்குப் பேரு இருக்கு, எனக்கு இல்ல. எம்புட்டு நாளைக்குத்தான் மத்தவங்களாவே இருக்க? பண்டிக வரைக்கும் பாப்பேன் எஸ்தரு. அப்புறம் எங்க வீட்டுக்குப் போறேன். ஒங்க அண்ணன் வந்தா வரட்டும்."

நீ அழவில்லை, அதனால்தான் எனக்குப் பயம் வந்தது. அண்ணனிடம் சொன்னால் அப்பாவோடு சண்டைக்குப் போவான். அப்பாவிடம் சொல்ல யாருக்குத் தைரியம்? உன் அண்ணன் கருப்பையா, பண்டிகைக்கு மறுநாள் வந்து உன்னைக் கூட்டிப்போவது என்றுகூட ஏற்பாடு ஆகிவிட்டது.

போகப் போகிறவள் பேசாமல் இருந்திருக்கலாம். ஆனால் நீ மறுநாளே பரணில் ஏறி அம்மாவின் பீங்கான் சாடியை இறக்கினாய். எங்கள் வீட்டில் கிறிஸ்துமஸுக்குத் திராட்சரசம் போடுவது மூத்த மருமகளின் வேலை. பண்டிகையன்று மதியம் முதல் தம்ளரை அவள்தான் மாமனார் கையில் கொடுக்க வேண்டும். அப்போது மதுவிலக்குக் காலம். அப்பா சாராய வாடை அடித்தாலே தெருவின் அந்தப் பக்கம் போய்விடுவார். ஆனால் இதை மட்டும் குடியில் சேர்க்க மாட்டார், வேதத்தில் உள்ள பொருள் என்பார். அம்மாவுக்குப் பிறகு அந்தச் சாடி வெளியே வரவே இல்லை. "இருக்கிற வரைக்கும் இந்த வீட்டு வேலைய நான் செஞ்சுட்டுப் போறேன்" என்று சொல்லிச் சாடியைக் கழுவினாய்.

அம்மா செய்வதைப் பார்த்த நினைவில் நான் சொல்லச் சொல்ல நீ செய்தாய். திராட்சையைக் கழுவி, ஈரம் போகத் துடைத்து, கையால் பிசைந்து, சீனி போட்டு, ஆறவைத்த வெந்நீர் ஊற்றி, ஒரு பிடி கோதுமை, பட்டை, கிராம்பு சேர்த்து, வாயில் வெள்ளைத் துணியைக் கட்டி மூலையில் வைத்தோம். தினமும் ஒரு தடவை மரக்கரண்டியால் கிண்டிவிட வேண்டும். உன் கையெல்லாம் ஊதா நிறம் ஏறிப் பல நாள் போகவில்லை.

சாடி சத்தம் போடத் தொடங்கிய நாள் நினைவிருக்கிறதா? நீ தரையில் படுத்து அதன் வயிற்றில் காதை வைத்துக் கேட்டாய். என்னையும் இழுத்துப் படுக்கவைத்தாய். உள்ளே பொரி பொரிகிற மாதிரி ஒரு சத்தம், ஓயாமல். அடுப்பு இல்லை, தீ இல்லை. நாம் வைத்த பழமும் சீனியும்தான் உள்ளே இருந்தன. அதை எது கொதிக்கவைக்கிறது? உன் கண் விரிந்தே இருந்தது. "உள்ள என்னமோ உசுரோட இருக்கு எஸ்தரு" என்று ரகசியமாகச் சொன்னாய், அதன் காதில் விழுந்துவிடக் கூடாது என்பது போல. எனக்கும் உடம்பு சிலிர்த்தது. அம்மா இருந்தவரை எத்தனை வருடம் அந்தச் சாடியைத் தாண்டிப் போயிருக்கிறேன், ஒரு நாளும் குனிந்து கேட்டதில்லை.

அந்தச் சத்தம் தானாக அடங்கித் தெளியும்வரை அம்மா சாடியைத் தொட மாட்டாள். நீயோ சோடா கம்பெனிக்காரர் தங்கச்சி. பிறந்ததிலிருந்து வாடிப்பட்டியில் உன் அண்ணனின் கம்பெனியில் நீ கேட்டது ஒன்றே ஒன்று, கேஸ் போனால் சரக்கு போச்சு. துணி வழியாகப் புஸ்ஸென்று காற்று வெளியேறுவதைப் பார்த்துக்கொண்டு உன்னால் சும்மா இருக்க முடியவில்லை. ஊருக்குப் போய் ஒரு பெட்டி நிறைய கோலி சோடா பாட்டில் எடுத்து வந்தாய். பாதி பொங்கிய ரசத்தை வடிகட்டி, புனல் வைத்து ஊற்றி, ஒவ்வொரு பாட்டிலையும் கட்டை விரலால் அடைத்துச் சட்டென்று தலைகீழாகக் கவிழ்த்தாய். உள்ளே கிடந்த கோலிக்குண்டு உருண்டு வந்து கழுத்து ரப்பரில் உட்கார்ந்துகொண்டது. உள்ளே ஊறுகிற காற்றே அதை இன்னும் இறுக்கிப் பிடித்துக்கொண்டது. கவிழ்த்தபடியே பெட்டியில் அடுக்கி, ஈரச் சாக்கைப் போர்த்தி, குளியலறை மூலையில் வைத்தாய். உலகத்தில் வேறு யாராவது இப்படிச் செய்வார்களா? அம்மா இப்படிச் செய்ததில்லை என்றேன். "ஒங்க அம்மாவுக்குச் சோடா தெரியாதுல்ல" என்றாய்.

சில நாள் கழித்து ஒரு காலையில் டமால் என்று வெடித்தது. பத்திரிகை படித்துக்கொண்டிருந்த அப்பா, எதிர்வீட்டுப் பையன்கள் இப்போதே வெடி போடுகிறார்கள் என்று திட்டினார். நீயும் நானும் குளியலறையில் கண்ணாடிச் சில்லைப் பொறுக்கிக்கொண்டு, சிரிப்பை அடக்க முடியாமல் முந்தானையைக் கடித்துக்கொண்டிருந்தோம். அதன் பிறகு வெடித்தது வெடித்தபடி இருந்தது. பண்டிகைக்குள் பாதிப் பெட்டி காலி. மிச்சம் எல்லாருக்கும் போதாது என்று தெரிந்ததும் பழக்கூடையை எடுத்தாய். மாதுளையை உதிர்த்தாய், அன்னாசியைப் பொடியாக நறுக்கினாய், கமலா ஆரஞ்சைச் சுளை சுளையாகத் தோலுரித்தாய். அதன்மேல் சீனியும் எலுமிச்சைச் சாறும் விட்டு ஊறவைத்தாய்.

சர்ச்சுக்குப் போய் வந்து மதியம் மேசையில் உட்கார்ந்தோம். ஊருக்குப் போக உன் துணிப்பெட்டி கட்டிலுக்கு அடியில் தயாராக இருந்தது எனக்குத் தெரியும். அம்மாவின் கண்ணாடித் தம்ளர்களில் பழத்தைப் போட்டு வைத்துவிட்டுச் சாக்கிலிருந்து ஒரு பாட்டிலை எடுத்து வந்தாய். அப்பா புருவத்தைத் தூக்கினார். பண்டிகையும் அதுவுமாகச் சோடா எதற்கு என்றார். நீ கட்டை விரலை வைத்துக் குண்டை அழுத்தினாய்.

அந்தச் சத்தம் இப்போதும் என் காதில் இருக்கிறது. இளஞ்சிவப்பு நுரை பீறிட்டு உன் வளையலை நனைத்து மேசைவிரிப்பில் வழிந்தது. கெட்டுப்போய்விட்டதா என்று அண்ணன் மெல்லக் கேட்டான். உன் முகம் வெளுத்துவிட்டது. இருந்தாலும் முதல் தம்ளரை நிரப்பி அப்பாவின் முன்னால் வைத்தாய்.

அப்பா கண்ணை மூடவில்லை. ஜெபத்துக்குக் கையைக் கோத்தவர் தம்ளரைப் பார்த்தபடியே இருந்தார். அடியில் கிடந்த மாதுளை முத்து ஒன்று தானாக அசைந்து மேலே ஏறியது. மேலே வந்து கொஞ்சம் நின்று, திரும்பக் கீழே இறங்கியது. பின்னாலேயே இன்னொன்று. அப்புறம் ஏழெட்டு முத்துகள், ஏறுவதும் இறங்குவதுமாக, யாரும் தொடாமல். ஜன்னல் வெயில் பட்டு ஒவ்வொன்றும் சிவப்பாக ஜொலித்தது. நுரை பொரிகிற சத்தம் மட்டும் கேட்டது. அம்மா இறந்த நாளிலிருந்து அப்பாவின் முகத்தில் நான் பார்க்காத ஒன்றை அப்போது பார்த்தேன். அவர் வாயைத் திறந்தபடி, சின்னப் பையனைப் போல வியந்துகொண்டிருந்தார்.

"இது எப்படிம்மா ஏறி எறங்குது?" என்று உன்னிடம் கேட்டார்.

"தெரியல மாமா. நானும் அதத்தான் பாத்துக்கிட்டு இருக்கேன்."

அப்பா சிரித்தார். பிறகு கண்ணை மூடினார். அண்ணன் பேரைச் சொன்னார், என் பேரைச் சொன்னார், சித்தப்பா பேரைச் சொன்னார். நான் கண்ணை இறுக்கி மூடிக்கொண்டேன். அந்த இடம் வந்தது. அப்பா நிறுத்தினார், தொண்டையைச் செருமினார். "உம்முடைய பிள்ளை ராக்காயியையும், அவள் கையால் செய்ததையும் ஆசீர்வதியும்" என்றார். நாங்கள் ஆமென் சொன்னோம். உன் குரல் மட்டும் வரவில்லை.

அப்பா தம்ளரை எடுத்துக் குடித்தார். மூக்கில் ஏறித் தும்மினார். பழத்தையெல்லாம் விரலால் எடுத்துத் தின்றுவிட்டு, காலித் தம்ளரை நீட்டினார்.

"ராக்காயி, இன்னும் கொஞ்சம் ஊத்து" என்றார்.

நீ ஊற்றினாய். கண்ணீரைத் துடைக்கக்கூட உனக்குக் கை ஒழியவில்லை. மறுநாள் சொன்னபடி உன் அண்ணன் வந்தார். காலி பாட்டில்களை மட்டும் பெட்டியில் அடுக்கி எடுத்துக்கொண்டு வாடிப்பட்டி பஸ் ஏறினார்.

இந்த ஆவணியில் காய்ச்சல் என்று படுத்தவள் எழுந்திருக்கவே இல்லை. ஏன் மதினி இத்தனை அவசரம்? உன்னை வாடிப்பட்டியில் ரோட்டோரம் இருக்கிற உங்கள் தோட்டத்திலேயே அடக்கம் செய்தோம். அங்கே ஒரு கல் வைக்க வேண்டும் என்று அப்பாதான் பிடிவாதமாக இருந்தார். போன வாரம் கீழக்குயில்குடிப் பக்கம் கல் கொத்துகிறவரிடம் நானும் அண்ணனும் அவரைக் கூட்டிப்போனோம். இப்போது அவரால் கைத்தாங்கல் இல்லாமல் நடக்க முடிவதில்லை. என்ன வெட்ட வேண்டும் என்று கல்காரர் கேட்டார். நான் வாயெடுப்பதற்குள் அப்பா கல்லில் கையை வைத்துக்கொண்டு சொன்னார்.

"எம் மருமக பேரு ராக்காயி. அத மட்டும் பெருசா வெட்டுங்க. ரோட்டுல போறவனுக்கும் தெரியணும்."

கல் பொங்கலுக்குள் வந்துவிடும். அதற்கு முன்னால் பண்டிகை வருகிறது. உன் மகள் பாட்டிலைக் கவிழ்க்க ஆரம்பித்துவிட்டாள், நான் சாக்கை நனைத்துக்கொண்டிருக்கிறேன். கல் நட்ட அன்று உன் இடத்துக்கு ஒரு பாட்டிலோடு வாரேன் மதினி. உன் பேரைப் பார்த்துக்கொண்டே குண்டை அழுத்துவேன். இது சத்தியம்.

உன் நாத்தனா,
எஸ்தர்