வாசலில் வைத்த கோல்

அன்புள்ள அப்பாவுக்கு ஏதென்ஸிலிருந்து லுக்கோன் வணங்கி எழுதுவது. நான் நலம். திருவிழாவில் பாடிக் கட்டிப்போன உங்கள் தொண்டை தேறியதா?

இங்கே ஒரு சின்னக் கூத்து; பயப்படாதீர்கள். நீங்கள் கதை பாடும்போது கையில் பிடிக்கும் பாட்டுக்கோலை எனக்குக் கொடுத்தனுப்பினீர்களே, அதைப் பார்த்ததும் தத்துவ ஆசான் அர்கெதேமோஸ், "உங்கப்பன் ஊரூராப் பொய் வித்த கோலாடா இது? வாசல்ல வச்சிட்டு வா" என்றார். எல்லோரும் சிரித்தார்கள். எரிச்சலோடு கோலை வாசலில் சாய்த்துவிட்டு வந்து உட்கார்ந்தேன்.

பிறகு ஒருவன், "செத்தா உயிர் எங்க போவுது ஐயா?" என்று கேட்டான். ஆசான் வாதம் செய்து செய்து ஓரிடத்தில் முட்டி நின்றார். கடைசியில் கண்ணை மூடிக்கொண்டு, "முன்னொரு காலத்துல கடற்பஞ்சு எடுக்க முங்கின ஒருத்தன், செத்தவங்க ஊரையே பார்த்தான்" என்று ஆரம்பித்துவிட்டார்! நீங்கள் சொன்னால் பொய், அவர் சொன்னால் தத்துவமா? என்ன அநியாயம்!

நான் எழுந்து, "அந்தக் கோலை எடுத்துட்டு வரட்டுமா ஐயா? உங்களுக்குத் தேவைப்படுதே" என்றேன். வெளியே துரத்திவிட்டார்.

கம்பளிப் போர்வையும் அம்மா உப்பிட்ட ஆலிவும் அனுப்புங்கள். உங்கள் பாட்டுத் தெரிந்த யாராவது இந்தப் பக்கம் வந்தால் என்னைப் பார்க்கச் சொல்லுங்கள்.

இந்தக் கடிதத்தைக் கொண்டுவரும் மாலுமி அவசரப்படுத்துகிறான். யாரிடமும் சொல்லாதீர்கள்: வாசலில் கோலோடு நின்று அந்தக் கதையை முடிவுவரை கேட்டேன். நன்றாகத்தான் சொன்னார், பாவி மனுஷன்.