ஒரே ஓட்டத்தில் இரண்டு ஷிஃப்ட்

நெய்வேலி நகரியம்,
12.11.2017, ஞாயிறு.

அன்பு எழிலுக்கு,

அம்மா எழுதுகிறேன். நானும் அப்பாவும் இங்கே குறை ஒன்றும் இல்லாமல் இருக்கிறோம், நீயும் அந்தக் குளிரில் உடம்புக்கு ஒன்றும் வராமல் இருக்க வேண்டும் என்றுதான் தினமும் விளக்கு ஏற்றும்போது நினைத்துக்கொள்கிறேன். நேற்று போனில் பேசிவிட்டு இன்றைக்கு ஏன் கடிதம் என்று உனக்குத் தோன்றும். பக்கத்து குவார்ட்டர்ஸ் ஜெரால்டு சாரின் மகள் ஷைனி லீவு முடிந்து செவ்வாய்க்கிழமை டப்ளினுக்குக் கிளம்புகிறாள், வியாழக்கிழமை உன் கையில் கொடுத்துவிடுவதாகச் சொன்னாள். பண்ருட்டியில் வாங்கிய முந்திரியும் பருப்புப்பொடியும் அவளிடம் கொடுத்தனுப்புகிறேன், பொடி டப்பாவுக்கு அடியில்தான் இந்தக் கவர். கூட இருக்கும் பெண்கள் வெளியே போன பிறகு பிரித்துப் படி. போன் என்றால் அப்பா ஸ்பீக்கரில் போடச் சொல்லிப் பக்கத்தில் வந்து உட்கார்ந்துவிடுகிறார். அதுவும் தவிர, நான் கேட்டதும் நீ சட்டென்று ஒரு பதில் சொல்லிவிடுவாய், சொன்ன பிறகு உன்னாலும் அதைத் திரும்ப எடுக்க முடியாது, என்னாலும் அதைக் கேட்காததுபோல் இருக்க முடியாது. எனக்கு யோசித்துச் சொல்கிற பதில் வேண்டும்.

இங்கே பத்து நாளாக மழை. சமையலறைச் சுவர் ஊறிப்போய் மெயின்டனன்ஸில் எழுதிக் கொடுத்திருக்கிறேன், ஆள் இன்னும் வரவில்லை. அப்பாவுக்கு முழங்கால் வலி குறையவில்லை, சுரங்கத்தில் கன்வேயர் பக்கம் நடக்கிற தூரம் அதிகம், ஆனால் மெடிக்கலுக்கு வாருங்கள் என்றால் வர மாட்டேன் என்கிறார். கம்மாபுரத்தில் மாமாவின் நிலத்தைச் சுரங்கத்துக்கு எடுக்க இரண்டாம் தடவை வந்து அளந்துவிட்டுப் போயிருக்கிறார்கள், மாமி அழுதுகொண்டே போன் செய்தாள், மாமா யாரோடும் பேசவில்லையாம். நீ ஒரு தடவை அவரைக் கூப்பிட்டுப் பேசு, நீ பேசினால் அவர் கொஞ்சம் சிரிப்பார்.

இனி விஷயத்துக்கு வருகிறேன். நீ ஆடுகிற அந்த வீடியோ கேமை யார் வேகமாக முடித்தார்கள் என்று பட்டியல் போடுகிற எங்கள் மாடரேட்டர் குழுவில், அதை நடத்தும் ஆஸ்கர் வெள்ளிக்கிழமை எழுதியிருந்தார், நீ மாடரேட்டராகச் சேர விண்ணப்பம் போட்டிருக்கிறாய் என்று. நீ என்னிடம் சொல்லவில்லை, திடீரென்று வந்து நின்று சிரிக்கலாம் என்று இருந்திருப்பாய். நாங்கள் ஐந்து பேரும் அடுத்த ஞாயிறு பத்தொன்பதாம் தேதிக்குள் சரி அல்லது வேண்டாம் என்று சொல்ல வேண்டும், யாராவது வேண்டாம் என்றால் காரணம் எழுத வேண்டும். மற்ற நான்கு பேரும் அன்றைக்கே சரி என்று போட்டுவிட்டார்கள். ஒன்றேகால் வருஷமாக முதலிடத்தில் இருப்பவளைவிட இந்த வேலைக்கு யார் பொருத்தம் என்று ஆஸ்கர் எழுதியிருக்கிறார். என்னுடையது மட்டும் பாக்கி நிற்கிறது, எழில். அந்தக் குழுவைத் திறந்து பார்த்துவிட்டு, ஒன்றும் போடாமல் மூடிவிடுகிறேன்.

போன வருஷம் மே மாதம் நீ என் பெயரைக் கொடுத்த நாள் ஞாபகம் இருக்கிறதா. ஒரே மூச்சில் ஆடிப் பதிவு செய்து அனுப்பின எண்பது ஓட்டம் வரிசையில் பார்க்க ஆள் இல்லாமல் கிடக்கிறது, உனக்குக் கணக்கு வரும், பொறுமை உண்டு, நீ பாரும்மா என்றாய். விளையாட்டே தெரியாது என்றேன். விளையாடத் தெரிய வேண்டாம், விளக்கு எடுத்துக்கொண்டு அந்தக் குட்டி ஆள் முதல் அடி வைக்கிற படத்திலிருந்து நாற்பது தளமும் இறங்கி முடிக்கிற படம் வரை எண்ணிப் பார்த்து, நடுவில் ஏமாற்று இல்லை என்றால் பச்சையை அழுத்து, அவ்வளவுதான் என்று சொல்லிக்கொடுத்தாய். அப்பா, பர்மனென்ட்டா கான்ட்ராக்ட்டா என்று கேட்டார். வாலண்டியர் என்றதும், அப்போ கான்ட்ராக்ட்டுக்கும் கீழ, லீவு கேட்டா யாருக்கு லெட்டர் எழுதுவ என்று ஒரு வாரம் சிரித்தார். மரியசெல்வி அக்கா இன்றைக்கும் மாவு அரைக்க வந்தால், இந்த வயசுல வீடியோ கேமாங்க எழிலம்மா, எனக்கும் ஒரு பட்டன் குடுங்க நானும் அமுக்குறேன் என்பார். நானும் சிரித்துக்கொள்வேன், ஆனால் உன்னிடம் சொல்லாத ஒன்றைச் சொல்கிறேன். பி.எஸ்ஸி. கணக்கு முடித்து இருபத்தைந்து வருஷத்தில் என் வார்த்தைக்காக யாரும் காத்திருந்ததில்லை. இந்த வேலையில்தான், பெயர்கூடச் சரியாகச் சொல்லத் தெரியாத ஊர்களிலிருந்து பிள்ளைகள், கிளி பார்த்துவிட்டாரா, கிளி சரி என்றாரா என்று கேட்கிறார்கள். மத்தியானம் சாப்பிட்டுவிட்டு அந்தக் கம்ப்யூட்டர் முன்னால் உட்காரும்போது நான் செல்லக்கிளி என்கிற ஒரு ஆளாக இருக்கிறேன். இதை நீதான் எனக்குக் கொடுத்தாய்.

பட்டியலில் உனக்குக் கீழே இரண்டாவது இடத்தில் இருக்கும் மார்த்தா, அந்த சிலி நாட்டுப் பெண், மூன்று வாரத்துக்கு முன்னால் எனக்கு எழுதினாள். புகார் எதுவும் இல்லை. உன் ஓட்டத்தில் இருபதாவது தளத்தில் லிஃப்டுக்குள் போகும்போது விளக்கில் எண்ணெய் பாதிக்குக் கீழே இருக்கிறது, திரை இருண்டு திரும்ப வெளிச்சம் வந்ததும் ஒரு கோடு கூடியிருக்கிறது, அது என்ன வித்தை, மூன்று மாதமாக முயற்சி செய்கிறேன் எனக்கு வரவில்லை, என் கைதான் சரியில்லை போல, தெரிந்தால் சொல்லிக்கொடுங்கள் என்று கேட்டிருந்தாள். அவள் மூன்றே செகண்ட் வித்தியாசத்தில் உன்னிடம் தோற்றவள். பாவம், சொல்லிக்கொடுக்கலாம் என்று உன் வீடியோவை ஒரு வருஷத்துக்குப் பிறகு திரும்ப எடுத்தேன். அந்த இருட்டு இரண்டு செகண்ட்தான். நிறுத்தி நிறுத்திப் பார்த்தும் எனக்கு ஒன்றும் பிடிபடவில்லை. சரி, நீ விசையைத் தட்டுகிற சத்தத்தையாவது கேட்போம் என்று ஹெட்போனை மாட்டினேன். முதல் பத்து இடத்துக்கு வருபவர்கள் விசைச் சத்தம் கேட்கும்படி மைக்கைத் திறந்து வைத்து ஆட வேண்டும் என்பது விதி, அதனால் நம் வீட்டுச் சத்தமும் அதில் இருக்கிறது.

ஒன்பதாவது நிமிஷத்தில் நான் வருகிறேன். குரலை அடக்கிக்கொண்டு, "சத்தம் கொறச்சு ஆடு கண்ணு, அப்பா நைட்டு முடிச்சிட்டு வந்து படுத்துகினு இருக்காரு" என்கிறேன். இருபத்திரண்டாவது நிமிஷத்தில் அப்பா வருகிறார். "டிபன் பாக்ஸ் எங்க" என்கிறார். "மேஜ மேலதாங்க இருக்கு, செகண்ட் ஷிஃப்ட் பஸ்ஸு போயிடப் போவுது" என்று நான் சமையலறையிலிருந்து சொல்கிறேன். கேட் சத்தம் கேட்கிறது.

நைட் ஷிஃப்ட் முடித்துப் படுத்திருக்கும் மனுஷர் பதின்மூன்று நிமிஷத்தில் எழுந்து, குளித்து, மத்தியானம் தொடங்குகிற செகண்ட் ஷிஃப்டுக்குக் கிளம்பிவிட்டார். ஆஸ்கர் நூறு தடவை கேட்டாலும் அவருக்கு இது இரண்டு பேர் ஏதோ பேசுகிற சத்தம், அவ்வளவுதான். இந்த டவுன்ஷிப்பில் குடும்பம் நடத்துகிற எந்தப் பொம்பளைக்கும் ஒரு தடவை கேட்டால் போதும். அப்படியும் நான் நம்பவில்லை. இந்த வருஷக் காலண்டருக்குப் பின்னால் அதே ஆணியில் போன வருஷக் காலண்டர் தொங்குகிறது, ஷிஃப்ட் எழுதி வைத்திருக்கிறேன் அல்லவா, அதை எடுத்துப் பார்த்தேன். ஜூலை இரண்டாம் வாரம் நைட், மூன்றாம் வாரம் செகண்ட். ஒருவேளை டபுள் டூட்டி பார்த்திருப்பாரோ என்று அவரிடமே, எப்பவாவது நைட் முடித்த அன்றே செகண்டும் போயிருக்கிறீர்களா என்று சும்மா கேட்பதுபோல் கேட்டேன். நான் என்ன கன்வேயர் பெல்ட்டா நிக்காம ஓட, என்னை அனுப்பிட்டு கேம் பாக்கணுமா உனக்கு என்றார். அவருக்கு ஒன்றும் தெரியாது. உன் பெயரும் நம் கொடியும் முதல் வரியில் இருக்கிற அந்தப் படத்தை இன்னமும் போனில் வைத்துக்கொண்டு கேன்டீனில் எல்லாருக்கும் காட்டுகிறார். முந்திரி ஒட்டுச் செடியில் ஒட்டின இடத்தை ஒரு தடவை பார்த்துவிட்டால் அப்புறம் கண் அங்கேயேதான் போகும், உன் வீடியோவும் எனக்கு அப்படி ஆகிவிட்டது. மார்த்தாவுக்கு இன்னும் பதில் எழுதவில்லை. இல்லாத ஒரு வித்தைக்காக அந்தப் பெண் தன் கையைக் குறை சொல்லிக்கொண்டிருக்கிறாள்.

உன்னைக் கேட்பதற்கு முன்னால் என் தப்பைச் சொல்லிவிடுகிறேன். அந்த ஓட்டத்துக்குப் பச்சை அழுத்தியவள் நான். மகளின் ஓட்டத்தை அம்மா பார்க்கக் கூடாது, வேறு ஆளுக்கு விட்டிருக்க வேண்டும், நான் உன் அம்மா என்று அவர்களிடம் சொன்னதும் இல்லை. நீ விமானம் ஏறிய மறுநாள் அதைப் பார்த்தேன். வீடே காலியாக இருந்தது. ஒன்பதாவது நிமிஷத்தில் என் குரலே கேட்டதும் நீ உள்ளே உட்கார்ந்து ஆடிக்கொண்டிருக்கிற மாதிரி இருந்தது, கண் நிறைந்து திரையே தெரியவில்லை. அதற்குப் பிறகு நான் எதையும் எண்ணவில்லை. அழுத்திவிட்டேன். இன்னொன்றும் உண்டு. அந்த ஜூலை மாதம் முழுக்க, போறதுக்குள்ள இதை முடிச்சுத் தொலை, அங்க போயி படிப்பை மட்டும் பாரு என்று உன்னை நச்சரித்தவளும் நான்தான். முப்பத்தொன்றாம் தளத்தில் செத்துச் செத்துப் போய் நீ சாப்பிடாமல் எழுந்துபோன நாட்கள் எனக்குத் தெரியும். ஒரு வாரத்தில் முன்பாதி நன்றாக வந்திருக்கும், அடுத்த வாரம் பின்பாதி நன்றாக வந்திருக்கும், நாள் இல்லை, அந்த இருட்டில் இரண்டையும் ஒட்டியிருப்பாய். அப்படித்தான் நடந்ததா என்று கேட்கிறேன். ஏன் செய்தாய் என்பது எனக்குப் புரிகிறது, ஆனால் புரிவதற்குப் பச்சை கிடையாது.

நான் சும்மா இருந்தால் யாருக்கும் தெரியாது. சரி என்று ஒரு வார்த்தை போட்டால் போதும், நீயும் நானும் ஒரே குழுவில் இருப்போம். எனக்கு ஆசையாகக்கூட இருந்தது, பொய் சொல்லவில்லை. ஆனால் அடுத்த திங்கட்கிழமை யாரோ ஒரு பிள்ளை தன் வீடியோவை அனுப்பும், அதில் ஒட்டு இருக்கிறதா என்று நீ பார்ப்பாய், நீ சரியாகப் பார்க்கிறாயா என்று நான் பார்ப்பேன். அப்படி ஒரு வீட்டில் நம் இரண்டு பேராலும் குடியிருக்க முடியாது.

ஞாயிறு இங்கே மாலை ஆறு மணி வரை காத்திருப்பேன். அதற்குள் நீயே ஆஸ்கருக்கு எழுதி ஓட்டத்தைத் திரும்ப எடுத்துக்கொண்டால், பரிசீலனையில் நான் செய்த தப்பை மட்டும் நான் எழுதுவேன். நீ எழுதாவிட்டால் இரண்டையும் நானே எழுதுவேன். எப்படியானாலும் மாடரேட்டர் பொறுப்பைத் திருப்பிக் கொடுத்துவிடப் போகிறேன், அதை நினைத்து நீ வருத்தப்படாதே. நான் கேட்டதில் தப்பு இருந்தால், அந்தப் பதின்மூன்று நிமிஷத்துக்கு வேறு விளக்கம் இருந்தால், உன் காலில் விழுகிற மாதிரி சந்தோஷப்படுவேன், ஆனால் என்னைச் சமாதானப்படுத்துவதற்காக ஒரு விளக்கம் தேடாதே. வெள்ளி, சனி இரண்டு நாளும் அப்பாவுக்கு ஃபர்ஸ்ட் ஷிஃப்ட், உனக்குக் காலை ஏழு மணி என்றால் இங்கே பன்னிரண்டரை, வீட்டில் நான் மட்டும்தான் இருப்பேன். அப்பாவிடம் நாம் இரண்டு பேரும் சேர்ந்து சொல்லலாம். திட்ட மாட்டார், ஒரு வாரம் கேன்டீனில் வாய் திறக்க மாட்டார், அது போதும் நமக்கு.

ஆஸ்கருக்கு அனுப்ப வேண்டியதை இங்கிலீஷில் வெள்ளிக்கிழமையிலிருந்து எழுதி எழுதி அடிக்கிறேன். ஷிஃப்ட் என்றால் என்ன என்று விளக்குவதா, காலண்டரைப் படம் எடுத்துப் போடுவதா, மார்த்தாவிடம் முதலில் சொல்வதா என்று எல்லாவற்றையும் மாற்றிவிட்டேன். இத்தனை நாள் மறைத்த முதல் வாக்கியத்தை மட்டும் மாற்றவில்லை. இந்த ஓட்டத்தை ஆடியவள் என் மகள் என்று அது தொடங்குகிறது. நீ ஞாயிற்றுக்கிழமைக்குள் என்ன முடிவு எடுத்தாலும் அந்த வாக்கியம் அப்படியேதான் போகும்.

நல்ல புத்தியும் நல்ல தூக்கமும் உனக்குக் கிடைக்கட்டும் கண்ணு, எந்த நாட்டில் இருந்தாலும் தலை நிமிர்ந்து இரு. ஷைனியிடம் அந்தப் பொடி டப்பாவைக் கழுவிக் கொடுத்துவிடு, அது அவள் அம்மாவுடையது.

உன் அம்மா,
செல்லக்கிளி பழனிவேல்